தொழில் கூட்டாளி

“நீங்க தொழிலாளியே இல்லைன்னு சொல்றாங்கம்மா.”

பேராசிரியர் சொன்னதைக் கேட்டு அழுவதா சிரிப்பதா என்று அவளுக்குத் தெரியவில்லை.

“அப்ப பன்னிரண்டு வருஷமா அந்த இஸ்திரி மெஷின் முன்னாடி நின்னது யாரு சார், என் ஆவியா?”

தொழிலாளர் நீதிமன்றத்தின் தாழ்வாரத்தில், ஆடுகிற பெஞ்சு ஒன்றில் இருவரும் உட்கார்ந்திருந்தார்கள். ஆஸ்பத்திரிகளுக்குத் துணி வெளுத்துக் கொடுக்கும் பெரிய சலவைக் கம்பெனி ஒன்றில் அவள் வேலை பார்த்தவள். படுக்கை விரிப்புகள் மலைமலையாக வரும். ஒவ்வொன்றையும் நீராவி உருளைக்குள் விட்டு, எடுத்து, மடித்து அடுக்க வேண்டும். நான்கு மாதத்துக்கு முன் அந்த உருளை விரிப்போடு சேர்த்து அவள் வலது கையையும் முழங்கைவரை இழுத்துக்கொண்டது. கட்டுப் பிரித்த மறுநாளே வேலைக்குப் போய் நின்றாள். வாசலிலேயே மறித்துவிட்டார்கள்.

பேராசிரியர் சட்டக் கல்லூரியில் முப்பது வருஷம் தொழிலாளர் சட்டம் நடத்தியவர். ஓய்வு பெற்றபின் இவளைப் போன்றவர்களுக்காக இலவசமாக வாதாடுகிறார். சட்டத்தின்மேல் அவருக்குப் பெரிய மரியாதை கிடையாது.

“எழுதினவனுக்கு வசதியா எழுதினதுதாம்மா சட்டம். ஆனா அதுல எங்கெங்க ஓட்டை இருக்குன்னு எனக்கு அத்துப்படி. உங்களுக்கு வேலைய வாங்கித் தராம விடமாட்டேன்.”

அந்த ஒரு பேச்சைப் பிடித்துக்கொண்டுதான் அவள் உள்ளே போனாள்.

கம்பெனி வக்கீல் அதிர்ந்து பேசாத மனிதர். “இவங்க எங்க தொழிலாளி இல்லைங்க. தொழில் கூட்டாளி” என்று ஆரம்பித்தார்.

பேராசிரியர் எழுந்தார். “காலையில ஆறு மணிக்கு வந்தாகணும். மேற்பார்வையாளர் விசில் அடிச்சாத்தான் சோறு. இதுக்குப் பேரு கூட்டா?”

“ஒப்பந்தம் நாலாவது பக்கம் பாருங்க. வேலை நேரத்த அவங்களே தேர்ந்தெடுக்கலாம். ஆறு மணியை அவங்க தேர்ந்தெடுத்திருக்காங்க.”

“மெஷின் கம்பெனியோடதுதானே?”

“ஆறாவது பக்கம். மெஷினை அவங்க எங்ககிட்ட வாடகைக்கு எடுத்திருக்காங்க. அதைப் பத்திரமா கையாள வேண்டிய பொறுப்பும் அவங்களோடதுதான்.”

அவள் தன் வலது கையைப் பார்த்தாள். அதன் விரல்கள் இப்போது மடங்குவதில்லை.

“கடைசியா ஏழாவது பக்கம்” என்றார் வக்கீல். “தனக்குப் பதிலா யாரை வேணும்னாலும் அவங்க வேலைக்கு அனுப்பலாம். அப்படி ஆள் அனுப்புற உரிமை இருக்கிறவங்க எப்படித் தொழிலாளி ஆவாங்க?”

அவளால் பொறுக்க முடியவில்லை. எழுந்துவிட்டாள்.

“ஐயா, எங்கம்மா செத்த அன்னிக்கு லீவு கேட்டேன். அடக்கத்த முடிச்சிட்டு மத்தியானம் வந்துடுன்னாங்க. ஈரத் தலையோட வந்து நின்னேன். பதிலாள் அனுப்பலாம்னு அன்னிக்கு ஒருத்தர்கூடச் சொல்லலையே!”

நீதிபதி ஒரு கணம் பேனாவைக் கீழே வைத்தார். பிறகு எடுத்துக்கொண்டார். “சொன்னாங்களாங்கிறது கேள்வி இல்லைம்மா. எழுதியிருக்கு. கீழே நீங்க கையெழுத்துப் போட்டிருக்கீங்க.”

அவள் பேராசிரியரைத் திரும்பிப் பார்த்தாள். அவர் ஏழாவது பக்கத்தின்மேல் குனிந்திருந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மாட்டிக்கொண்டு மறுபடி அதே பக்கத்தைப் படித்தார். நெற்றியெல்லாம் வேர்த்திருந்தது.

“சார், எந்திரிங்க சார். ஏதாவது சொல்லுங்க.”

எழுந்தார். ஆனால் காலையில் இருந்த குரல் இல்லை. அவர் பாதி சொல்வதற்குள், அவர் மனசுக்குள் எட்டிப் பார்த்தவர்போல மீதிக்கும் வக்கீல் பதில் வைத்திருந்தார். அரை மணி நேரத்தில் எல்லாம் முடிந்தது. மனுதாரர் தொழிலாளி அல்ல. ஆகவே வழக்கை விசாரிக்க இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை.

வெளியே வந்ததும் அவள்தான் அவரைத் தேற்ற வேண்டியிருந்தது.

“நீங்க என்ன சார் பண்ணுவீங்க? ஆனா ஒண்ணுதான் எனக்குப் புரியல. எங்க மேனேஜருக்கு லீவு நோட்டீஸ்கூட ஒழுங்கா எழுத வராது. இவ்வளவு மூளை அவங்களுக்கு எங்கேருந்து சார் வந்துச்சு?”

பேராசிரியர் பெஞ்சில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார்.

கம்பெனி வக்கீல் தயங்கித் தயங்கி வந்து பக்கத்தில் நின்றார். “சார், தப்பா எடுத்துக்கக் கூடாது. உங்ககிட்ட ஒரு கையெழுத்து வேணும்.”

தோற்றதற்கும் கையெழுத்தா என்று நினைத்தாள் அவள். ஆனால் அவர் நீட்டியது காகிதம் அல்ல, அட்டை நைந்த ஒரு தடித்த புத்தகம்.

“இது மட்டும் கையில இல்லைன்னா அந்த ஒப்பந்தத்த நாங்க இவ்வளவு கெட்டியா போட்டிருக்கவே முடியாது” என்றார் பணிவாக.

பேராசிரியர் கை நீட்டவில்லை. அவள் இடது கையால் அதை வாங்கி, அடையாளத் தாள் செருகியிருந்த இடத்தில் பிரித்தாள். ‘முதலாளிகள் நழுவக்கூடிய வழிகள்’ என்றிருந்தது. எழுத்துக் கூட்டி வாசித்தாள். வேலை நேரத் தேர்வு. வாடகை இயந்திரம். பதிலாள். ஒவ்வொன்றின் ஓரத்திலும் சிவப்புப் பென்சிலால் ஒரே சொல்: ‘சேர்க்க’.

அவள் புத்தகத்தைப் படாரென்று மூடினாள்.

“எந்தப் படுபாவி சார் இதையெல்லாம் இவங்களுக்குச் சொல்லிக்கொடுத்தான்?”

அவளே புத்தகத்தைத் திருப்பிப் பார்த்தாள். பின்னட்டையில், தலை நரைக்காத வயதில், பேராசிரியர் சிரித்துக்கொண்டிருந்தார்.