டான்பியின் கணுக்கால்

தரையில் ஒட்டியிருந்த மஞ்சள் நாடாவில் டான்பியின் பெயர் எழுதியிருந்தது. அதன்மேல் கால் வைக்கத் தயங்கி நின்றாள் யெசுல்.

“என்ன, சாமி படமா ஒட்டியிருக்கு? ஏறி நில்லுடி,” என்றாள் நடன டீச்சர்.

ஏறி நின்றாள்.

எதிர்ச்சுவர் முழுக்கக் கண்ணாடி. அதில் ஐந்து பெண்கள், நடுவில் அவள். குன்சானிலிருந்து பெட்டியும் கையுமாக சியோலில் வந்து இறங்கிய நாளிலிருந்து அவள் கேட்டுக்கொண்டிருந்த வரம் இதுதான். இந்த விதமாகக் கிடைக்கும் என்று நினைத்திருக்கவில்லை.

செய்தி காலையில் வந்தது. அவர்கள் நிறுவனத்தின் ஆடல்பாடல் குழுவின் முன்னணிப் பாடகி டான்பி ஒத்திகையில் வழுக்கி விழுந்துவிட்டாள். கணுக்கால் எலும்பு முறிந்துவிட்டது. உலகச் சுற்றுப்பயணத்தில் அவள் இடத்தில் பயிற்சி மாணவி ஒருத்தி ஆடுவாள்.

படித்ததும் யெசுல் குளியலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதாள். பாதி அழுகை டான்பிக்காக. மீதி எதற்கென்று தனக்குத்தானே சொல்லிக்கொள்ளவும் வெட்கமாக இருந்தது.

டான்பி நல்லவள். எடை பார்க்கும் வாரத்தில் பயிற்சிப் பெண்கள் பச்சைத் தண்ணீரைக் குடித்துக்கொண்டு சுருண்டு கிடப்பார்கள். அப்போதெல்லாம் கோட்டுக்குள் கிம்பாப் சோற்றுச் சுருள்களை ஒளித்துக் கொண்டுவந்து ஊட்டாத குறையாகக் கொடுப்பவள் அவள்தான். “மெதுவா மெல்லுடி. நீ மெல்லுற சத்தம் முதலாளி ரூம் வரைக்கும் கேக்குது,” என்று சிரிக்கவும் வைப்பாள்.

போன வாரம் ரசிகர்களோடு நேரலையில் பேசும்போதும் சிரித்துக்கொண்டேதான் ஆரம்பித்தாள். “நாங்க நல்லாத் தூங்கி எவ்ளோ நாளாச்சு தெரியுமா? போன மாசம் எங்கள்ல ஒருத்தி...”

அங்கேயே நேரலை அறுந்தது. நெட்வொர்க் கோளாறு என்றார்கள்.

மேனேஜர் பியோ கண்ணாடியோரம் நாற்காலியைப் போட்டுக்கொண்டு, செல்பேசியில் நிறுவனத்தின் பங்கு விலையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். காலையில் நீலமாகச் சரிந்த கோடு, மதியத்துக்குள், ஏற்றத்துக்கு அங்கே காட்டும் சிவப்பாக மாறி ஏறத் தொடங்கியிருந்தது.

ஜகார்த்தாவில் மைதானம் நிறைந்துவிட்டது. சாவ் பாவ்லோவில் பெண்கள் கூடாரம் அடித்து வரிசையில் படுத்திருந்தார்கள். நூடுல்ஸ் கோப்பையில், முகப்பூச்சு டப்பாவில், விமானத்தின் வயிற்றில், எங்கே பார்த்தாலும் டான்பியின் முகம். அவள் ஆடினால்தான் எத்தனையோ வீடுகளில் அடுப்பெரியும்.

பாட்டு மாறும் இடைவெளியில் யெசுல் மெல்ல அருகே போனாள்.

“மேடம், டான்பி அக்காவப் போய் ஒரு எட்டு பாத்துட்டு வரட்டுமா? பூகூட வாங்கி வச்சிருக்கேன்.”

“ஆஸ்பத்திரில யாரையும் உள்ள விடமாட்டாங்க.” பியோ தலை நிமிரவில்லை. “நீ கவலப்படாத. அடிபட்டுப் போனா ரசிகருங்க அழுவாங்க. கோவப்பட மாட்டாங்க.”

அதை ஆறுதலாகத்தான் எடுத்துக்கொண்டாள் யெசுல்.

அந்த நிலவறைப் பயிற்சிக்கூடத்தின் உயரத்தில் இருந்த சின்னச் சன்னல் வழியே வாசல் கேட்டுக்கு வெளியிலிருந்து விசும்பல் கேட்டுக்கொண்டே இருந்தது. காலையிலிருந்து அங்கே ரசிகைகள் பூங்கொத்தோடு நின்றுகொண்டிருந்தார்கள். யாரோ ஒருத்தி டான்பி, டான்பி என்று கூப்பிட்டாள்.

இசை திரும்பவும் தொடங்கியது.

யெசுல் ஆடினாள். ஒவ்வொரு அசைவையும் பல வருடம் இருட்டில் படுத்தபடியே மனதுக்குள் ஆடிப் பார்த்தவள். யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. திரும்ப வேண்டிய இடத்தில் உடம்பு தானாகத் திரும்பியது. டீச்சர் முதல்முறையாகத் திட்டாமல் நின்றாள். பக்கத்தில் ஆடிய நாலு பேர் மட்டும் ஒரு தடவைகூட அவள் முகத்தைப் பார்க்கவில்லை. தன்மேல் கோபமாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டாள்.

கதவு திறந்தது.

டான்பி உள்ளே வந்தாள்.

படியில் வேகமாக இறங்கி வந்திருக்க வேண்டும், லேசாக மூச்சு வாங்கியது. தொப்பி, தடித்த கோட்டு, சாதாரண ஓட்டக் காலணிகள். இரண்டு காலிலும்.

வாசற்படியில் அவளுக்குப் பின்னால் இரண்டு ஆண்கள் நின்றார்கள். யெசுல் அவர்களை அதற்குமுன் அந்தக் கட்டடத்தில் பார்த்ததில்லை.

யாரும் இசையை நிறுத்தவில்லை. நாலு பேரும் தரையைப் பார்த்தார்கள். யாரும் ஆச்சரியப்படவில்லை என்பதை அப்போதுதான் யெசுல் கவனித்தாள்.

டான்பி தன் அலமாரியைத் திறந்து கம்பளித் துணியொன்றை எடுத்துக் கழுத்தில் சுற்றிக்கொண்டாள். திரும்பும்போது, தன் பெயர்மேல் நின்றவளைப் பார்த்தாள். நேராக அவளிடம் வந்தாள்.

அடிக்கப்போகிறாள் என்று நினைத்து யெசுல் கண்ணை மூடிக்கொண்டாள்.

காதோரம் மூச்சுச் சூடு பட்டது.

“நேத்தே என் போன வாங்கிட்டாங்கடி. செய்தியே பாக்கல. எந்தக் கால்னு போட்டிருக்காங்க?”

யெசுல் பியோவைப் பார்த்தாள். பியோ செல்பேசியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“வ... வலது கால், அக்கா.”

சொல்லி முடித்த பிறகுதான், தான் என்ன செய்துவிட்டோம் என்று உறைத்தது. வார்த்தையைத் திரும்பப் பிடிக்க முடியவில்லை.

டான்பி தலையசைத்தாள். யெசுலின் கன்னத்தில் ஒட்டியிருந்த முடியை விலக்கிவிட்டாள். கதவுவரை நன்றாகவே நடந்து போனாள். அங்கே நின்று, ஒரு கையால் சுவரைப் பிடித்துக்கொண்டு, வலது காலை இழுத்து முதல் படியில் வைத்தாள்.

“இன்னும் மெதுவா,” என்றாள் பியோ.