சின்னதாச் சொல்லு

“திரும்பச் சொல்லு,” என்றான் கணவன்.

பேருந்தில் கூட்டம் இல்லை. அவள் சன்னலைப் பார்த்தபடி, உதடு மட்டும் அசைய, இன்னொரு முறை சொன்னாள்.

“இழுக்காத. பதில் சின்னதா இருக்கணும். பெருசாச் சொல்லப் போனா உனக்குத் தொண்டை அடைக்கும், கண்ணுல தண்ணி வரும். போன தடவை அப்படித்தானே சொதப்புன?”

“ஆமாங்க.”

“கேக்குறவங்க மூஞ்சியப் பாத்துச் சொல்லு. சும்மா சும்மா என் பக்கம் திரும்பாத. பதில் என் நெத்தியிலயா எழுதியிருக்கு? நீ திரும்பித் திரும்பிப் பாத்ததாலதான் அவங்க துருவித் துருவிக் கேட்டாங்க.”

பின் இருக்கை அம்மாள் முன்னால் சாய்ந்தாள். “வேலைக்கு இன்டர்வியூவா தம்பி?”

“ஆமாம்மா.” அவன் சிரித்தான். “வாயத் தொறந்தாலே இவளுக்கு உளறல். எங்க கோட்டை விட்டோம்னு பாத்து சரி பண்ணிக்க வேண்டியதுதானே.”

“சடை ஏன் இப்படிக் கோணிக்கிட்டு நிக்குது?”

“அது என் கைவண்ணம்மா. காலைல நான்தான் வாரிப் பின்னி விட்டேன்.”

“அடேயப்பா. குடுத்து வச்ச பொண்ணும்மா நீ.” அம்மாள் அவள் தோளைத் தட்டினாள். அவள் பல்லைக் கடித்துக்கொண்டு சிரித்தாள்.

எங்கே கோட்டை விட்டோம் என்பது அவளுக்கு நன்றாகவே தெரியும். முதல் தடவை அழுதாள். அழுகை அடங்குவதற்குள் அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டார்கள். பிறகு ஒரு தடவை, அவன் பக்கத்தில் நிற்கும்போதே பேச ஆரம்பித்தாள். வாக்கியத்தை அவன் முடித்து வைத்தான்.

நிறுத்தம் வந்தது. அவன் முதலில் இறங்கிக் கையை நீட்டினான். அவள் இடது கையைக் கொடுத்தாள். வலது கை சால்வைக்குள் இருந்தது.

“பதறாமப் பண்ணு,” என்றான் மெதுவாக. “தப்பாப் போச்சுன்னா வீட்டுக்குப் போய்ப் பேசிக்கலாம்.”

எதிரே ஆஸ்பத்திரி. அவர்களுக்குப் புதிய ஆஸ்பத்திரி; வீட்டிலிருந்து இரண்டு பேருந்து மாறி வர வேண்டிய தூரம்.

டாக்டர் சின்ன வயதுக்காரர். சால்வையை விலக்கி வலது மணிக்கட்டைப் பார்த்தார். அது வீங்கிக் கறுத்திருந்தது.

“எப்படிம்மா ஆச்சு?”

அவள் டாக்டரின் முகத்தைப் பார்த்தாள். “மாடிப்படியில கால் வழுக்கிடுச்சு டாக்டர். கைய ஊணிட்டேன்.”

“தோள்பட்டையில?”

“படி விளிம்பு இடிச்சிருச்சு.”

இழுக்கவில்லை. கணவன் பக்கம் திரும்பவில்லை. டாக்டர் தலையாட்டிக்கொண்டே சீட்டில் எழுதினார். “எலும்புல விரிசல் விட்டிருக்கலாம். எக்ஸ்ரே எடுத்துட்டு வாங்க.”

வெளியே வந்ததும் அவன் நெடுமூச்சு விட்டான். “பாத்தியா? சொன்னபடி செஞ்சா எவ்வளவு சுலபமா முடியுது.” டீ வாங்கி வந்து, ஊதி ஆற்றி, அவள் வாயருகே பிடித்தான். அவள் குடித்தாள்.

எக்ஸ்ரே அறை வராந்தாவின் கடைசியில் இருந்தது. கதவுக்கு மேலே சிவப்பு விளக்கு. கனத்த அங்கி போட்ட பெண் ஒருத்தி எட்டிப் பார்த்துச் சீட்டை வாங்கினாள்.

“பேஷன்ட் மட்டும் வாங்க.”

“நான் அவ வீட்டுக்காரர். தனியா விட்டா பயந்துக்குவா.”

“யாரா இருந்தாலும் வெளியதான் சார். உங்க மேல எதுக்கு வீணா கதிர் படணும்?”

“கல்யாணமே பண்ணிட்டேன், கதிருக்கா பயப்படப் போறேன்?”

அந்தப் பெண் சிரித்துக்கொண்டே கதவைச் சாத்தினாள்.

ஈயத் தகடு வைத்த கதவு. சாத்தியதும் வராந்தாவின் இரைச்சல் அறுந்து நின்றது. போன தடவை, அந்த இன்னொரு ஆஸ்பத்திரியில், இதே மாதிரி அறையில்தான் அவள் இந்த அமைதியைக் கவனித்தாள். என்ன செய்யலாம் என்று யோசித்து முடிப்பதற்குள் படம் எடுத்தாகிவிட்டது.

“கையத் தட்டையா வைங்க. அசையக் கூடாது.” அந்தப் பெண் கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் போனாள். இயந்திரம் முனகியது. திரும்பி வந்தாள். “பக்கவாட்டுல இன்னும் ஒண்ணு. அவ்வளவுதான், முடிஞ்சிடும்.”

இன்னும் ஒன்று. அதற்குப் பிறகு கதவு திறந்துவிடும்.

பெண் அவள் கையைப் பூப்போலத் திருப்பி வைத்தாள். சீட்டைப் பார்த்துக்கொண்டே பேசினாள். “மாடிப்படியா? பாத்து இறங்கக் கூடாதா? எங்க வீட்டுப் படியும் இதே கதைதான், கொஞ்சம் ஈரம் பட்டாப் போதும். எங்க மாமியார் உக்காந்து உக்காந்துதான் இறங்குவாங்க.”

அவளுக்குத் தொண்டை அடைத்தது. அடி வயிற்றிலிருந்து ஏதோ பெரிதாக எழும்பி வந்தது. அதை விழுங்கினாள். கண்ணில் தண்ணீர் வரவில்லை. நிமிர்ந்து அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்த்தாள்.

“எங்க வீட்டுல மாடியே இல்லக்கா.”