எலி வருஷத்துப் பெண்

“சம்மந்தின்னு கூப்பிடறதுக்கு முன்னாடி ஒண்ணு கேட்டுக்கறேன். நீங்க வாடகை அப்பாதானே?”

மாப்பிள்ளையின் அம்மா பியோ மி-சுக் இப்படிக் கேட்டதும், சியோல் உணவகத்தின் அந்தத் தனி அறையில் ஏற்கெனவே ஆறியிருந்த பதினோரு வகைத் தொடுகறிகளும் இன்னும் கொஞ்சம் ஆறின.

இரு குடும்பமும் முதன்முதலாகச் சந்திக்கும் விருந்து. சொந்தபந்தம் இல்லாதவர்கள் அப்பா அம்மா என்று வாடகைக்கு ஆள் பிடித்து உட்கார வைப்பது ஊரில் நடப்பதுதான். தெரிந்துவிட்டால் கல்யாணம் நிற்பதும் ஊரில் நடப்பதுதான்.

மணப்பெண் சே-வோன் தலை தூக்கவில்லை. அவள் பக்கத்தில் மா தொக்-சுன். முப்பத்தெட்டு வருடத் துணை நடிகர். முகம் நாட்டுக்கே தெரியும், பெயர் தபால்காரருக்கு மட்டும். திரையில் அறுபத்துமூன்று பெண்களுக்கு அப்பாவாக இருந்து, பாதிப் படங்களில் கதாநாயகன் வருவதற்குள் செத்தவர். இந்த ஒருத்திக்குத்தான் அப்பா என்று நிரூபிக்க வேண்டியிருந்தது.

“நடிகனுக்குப் பொண்ணு இருக்கக் கூடாதா?” என்றார்.

“இதையேதான் ஒரு படத்துல போலீஸ் ஸ்டேஷன்லயும் கேட்டீங்க.”

மா தொக்-சுன் கண் கலங்கினார். அது எந்தப் படத்துக் கலங்கல் என்பதையும் அந்த அம்மாள் சொன்னார். இடது கண்தான் முதலில் கலங்கும் என்பதுவரை தெரிந்து வைத்திருந்தார்.

“சரி, பொருத்தம் பார்க்கணும். பன்னெண்டு மிருகத்துல பொண்ணு பொறந்தது எந்த மிருகத்து வருஷம்?”

மா தொக்-சுன் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

“எலி. இல்ல... பன்னி. அவ பொறந்தப்போ பனி கொட்டுச்சு, அது ஞாபகமிருக்கு.” விரல்விட்டு எண்ணிக் குரங்கில் போய் நின்றார். காது சிவந்தது. கடைசியில் பெண்ணின் பக்கம் குனிந்து, எல்லோருக்கும் கேட்கிற ரகசியக் குரலில், “ஏம்மா, நீ என்ன வருஷம்?” என்றார்.

“எலிப்பா,” என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு.

பியோ மி-சுக் திரும்பித் தன் கணவரைப் பார்த்தார். அவர் அவசரமாக மீனைப் பார்த்தார்.

“வாடகைக்கு வந்தவன்னா மனப்பாடம் பண்ணிட்டு வந்திருப்பான். இந்த மனுஷனுக்கும் பையன் வருஷம் இன்னிவரைக்கும் தெரியாது,” என்றவர், மரியாதையாக இரண்டு கையாலும் மதுக்குப்பியைப் பிடித்து அவருக்கு ஊற்றினார். “எடுத்துக்கோங்க சம்மந்தி.”

இலையுதிர் காலத்தில் கல்யாணம் என்று முடிவானது.

வெளியே, அவர்கள் கார் திருப்பத்தில் மறைகிறவரை இருவரும் இடுப்பை வளைத்து வணங்கினார்கள். நிமிர்ந்த சே-வோன் மறுபடியும் குனிந்தாள், இந்த முறை அவரைப் பார்த்து.

“ஐயா, எங்கப்பா உசிரோட இருந்திருந்தாக்கூட இவ்வளவு தத்ரூபமா மறந்திருக்க மாட்டார்.”