கண் போன பக்கம்

பதினொரு வருடம் டிவி சீரியல் எடுத்த கேமராமேன் அருளப்பனுக்கு முதல் சினிமா கிடைத்தது. அங்கே இருந்த புது மாதிரிக் கேமராவைத் தொடவே வேண்டாம். அவர் கண் போகிற பக்கமெல்லாம் அதுவும் திரும்பும்.

கதாநாயகி அழுகிற காட்சியை எடுத்த அன்றே, அதை வீட்டில் போட்டுக் காட்டச் சொன்னாள் மனைவி ஸ்டெல்லா. "அவளை எப்படிப் பாத்தீங்கன்னு நானும் பாக்கறேன்."

கதாநாயகி இரண்டு நொடிதான் வந்தாள். சீரியல் பழக்கத்தில், சுற்றி நின்ற ஆறு சொந்தக்காரர்களின் அதிர்ந்த முகங்களுக்குக் கேமரா வரிசையாகத் தாவியிருந்தது.

"நாளையிலேருந்து வர வேண்டாம்னுட்டாரு டைரக்டர்," என்றார் அருளப்பன்.

ஸ்டெல்லா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"அது கெடக்கட்டும். எல்லாரையும் ஒரு தடவை பாத்துட்டு, நாத்தனாரா வர்ற பொண்ணை மட்டும் ஏன் மூணு தடவை பாத்தீங்க?"