கம்ப்யூட்டர் ஓட்டிய டாங்கி

"கம்ப்யூட்டர் ஓட்டுற டாங்கிய இன்னிக்கும் பொளந்துட்டேன், பாத்தியா!" வேலை முடிந்து வந்த திலகவதியிடம் செல்போனில் டாங்கிச் சண்டை விளையாட்டைக் காட்டினான் கணவன் ரகுநாத். "ஒனக்கெல்லாம் இது சுட்டுப்போட்டாலும் வராது."

 வேலையே போனாலும் சரி, நாளைக்கு இதற்கு ஒரு முடிவு கட்டிவிடுவது என்று திலகவதி தீர்மானித்தாள்.

மறுநாள் சாயங்காலம் அவள் அரிமளம் பஸ்ஸிலிருந்து இறங்கி வீட்டுக்கு வந்தபோது ரகுநாத் உம்மென்று உட்கார்ந்திருந்தான்.

"என்னங்க ஆச்சு?"

"அந்த டாங்கி என்னைய விரட்டி விரட்டி அடிச்சிருச்சுடி. கம்ப்யூட்டர்ல ஏதோ கோளாறு."

"கோளாறெல்லாம் இல்லீங்க. இந்த வெளையாட்ட நடத்துறதே எங்க ஆபீஸ்தான். கம்ப்யூட்டருக்கு ஒழுங்கா ஓட்ட வரலைன்னு அதுக்குப் பதிலா எங்களத்தான் ஓட்டச் சொன்னாங்க. ஆடுறவங்க மனசு நோகாம தோத்தாத்தான் சம்பளம். இன்னிக்கு நாந்தான் ஒங்கள ஜெயிச்சேன், வேலை போயிருச்சு. நாளையிலேருந்து எம் பேரப் போட்டே ஆட வாரேன். தெம்பா இருங்க."