போட்டாச்சு

பெரிய டாக்டரின் வலது கை அந்தரத்தில் நீண்டு நின்றது. உள்ளங்கை விரிந்திருந்தது. கத்தி வரவில்லை.

“கத்தி” என்றார் மறுபடியும்.

சிஸ்டர் தட்டிலிருந்த கத்தியின் மேல் ஒரு பச்சைத் துணியை மடித்துப் போட்டாள். துணியின் மேல் தன் கையை வைத்துக்கொண்டாள்.

“ஊசி எத்தனை மணிக்குப் போட்டாங்க சார்?”

மயக்க மருந்து டாக்டர் முகக்கவசத்துக்குள் சிரித்தது கண்ணில் தெரிந்தது. வயிற்றைத் திறப்பதற்கு முன்னால், புண் சீழ் பிடிக்காமலிருக்கப் போடும் ஊசி அது. போட்டாச்சா என்றுதான் எல்லோரும் கேட்பார்கள். இவள் மட்டும் எத்தனை மணிக்கு என்று கேட்பாள். ஒரு வருடமாக இப்படி. அதனால் அவளுக்கு மணி சிஸ்டர் என்று பெயர் வைத்திருந்தார்கள். புதிதாக வேலைக்கு வருகிறவர்கள் அவளைப் பெற்றவர்கள் வைத்த பெயரே அதுதான் என்று நம்பிவிடுவார்கள். அவள் திருத்துவதில்லை.

வார்டிலேயே போட்டாச்சாம் என்றார் மயக்க மருந்து டாக்டர். சாட்சிக்கு நோயாளியின் கையைக் காட்டினார். முன்கையில் நீல மையில் ஒரு சின்ன வட்டம்.

அவள் வட்டத்தைப் பார்த்தாள். கடிகாரத்தைப் பார்த்தாள். பத்து மணி எட்டு நிமிடம்.

மேஜையில் நினைவில்லாமல் கிடந்தவர் ஒரு தையல்காரர். வயிற்றின் நடுவில் ஒரு சாண் நீளத்துக்குப் பழைய தழும்பு, கோணல்மாணலாக. போன வருடம் இதே அறையில் குடலுக்குச் செய்த ஆபரேஷன். புண் சீழ் வைத்தது, தையல் பிரிந்தது, நாலு மாதம் தினமும் கட்டு மாற்றி ஒரு வழியாக ஆறியது. ஆறிய இடம் பலமில்லாமல் குடல் பிதுங்கி நின்றது. இன்று அதை உள்ளே தள்ளி, வலை வைத்துத் தைக்க வேண்டும். வலையில் சீழ் பிடித்தால் வலையையும் வெட்டி எடுக்க வேண்டியதுதான். இன்னொரு தடவை தாங்க அவர் உடம்பில் எதுவும் மிச்சமில்லை.

காலையில் தள்ளுவண்டியில் படுத்தபடியே அவர் இவளிடம் கேட்டார்.

“நான் இப்படித் தைச்சுக் குடுத்திருந்தா, துணிய என் மூஞ்சியிலயே எறிஞ்சிருப்பாங்கல்ல சிஸ்டர்?”

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

வெளியே இன்னும் மூன்று பேர் வரிசையில் இருக்கிறார்கள் என்றார் பெரிய டாக்டர். குரல் உயரவில்லை. அவர் குரல் தணியும்போதுதான் மற்றவர்கள் தரையைப் பார்ப்பார்கள். நாளையிலிருந்து அவள் ஸ்டோர் ரூமில் உட்கார்ந்து பஞ்சு மூட்டைகளோடு மணி விசாரித்துக்கொண்டிருக்கலாம் என்றும் சொன்னார்.

“மாத்துங்க சார். அது நாளைக்கு. இன்னைக்கு எத்தனை மணின்னு சொல்லுங்க.”

துணியின் மேலிருந்த கை அசையவில்லை.

மயக்க மருந்து டாக்டர் பெருமூச்சு விட்டு வார்டுக்குப் போன் போட்டார். காலை ஆறு மணிக்கு என்று பதில் வந்தது. என்ன ஊசி என்று கேளுங்கள் என்றாள் அவள். கேட்டார். கொஞ்ச நேரம் காதிலேயே வைத்துக்கொண்டிருந்தார். பிறகு போனை வைத்துவிட்டுச் சொன்னார்.

டெஸ்ட் ஊசி. மருந்து உடம்புக்கு ஒத்துக்கொள்கிறதா என்று பார்க்கத் தோலுக்கடியில் விடும் ஒரு சொட்டு. அதைச் சுற்றித்தான் அந்த வட்டம். முழு மருந்தை ஆபரேஷன் தியேட்டரில் போட்டுக்கொள்வார்கள் என்று வார்டு நினைத்துக்கொண்டது. வார்டில் போட்டிருப்பார்கள் என்று தியேட்டர் நினைத்துக்கொண்டது.

போட்டேன் என்று சொல்ல ஒரு ஆள் வேண்டும். போட்டாச்சு என்று சொல்ல யாரும் வேண்டாம். அந்தச் சொல்லுக்குள் எட்டிப் பார்த்தால் ஒருவரும் இருக்க மாட்டார்கள். இதை அவள் பல இரவுகள் படுத்துக்கொண்டு யோசித்திருக்கிறாள்.

மருந்துக் குப்பி, அவரைக் கொண்டுவந்த தள்ளுவண்டியில், தலையணைக்கு அடியில் கிடந்தது. மூடி திறக்காமல்.

பத்து பதினான்குக்கு மருந்து ஏறி முடிந்தது. சரி, கொடு என்று பெரிய டாக்டர் மறுபடி கை நீட்டினார். ரத்தத்தில் ஏறினால் போதாது, வெட்டப்போகிற சதை வரைக்கும் போய்ச் சேர வேண்டும், இன்னும் பதினைந்து நிமிடம் என்றாள் அவள். அவர் அவளை முறைத்தார். அவளும் பார்வையை எடுக்கவில்லை. கடைசியில் அவர் கையுறை மாட்டிய கைகளை நெஞ்சுக்கு நேரே கோத்துக்கொண்டு நின்றார்.

தையல்காரரின் இதயம் மட்டும் மெஷினில் கீச்சிட்டுக்கொண்டிருந்தது.

பொழுது போகாமல் மயக்க மருந்து டாக்டர் பழைய கேஸ் ஷீட்டைப் புரட்டினார். போன வருடத்து ஆபரேஷன் பக்கத்தில் விரலை வைத்தார். ஊசிக்கான கட்டத்தில் போட்டாச்சு என்று ஒரே ஒரு சொல், நேரம் இல்லை, கீழே கோழிக் கிறுக்கலாக ஒரு கையெழுத்து என்று படித்துக் காட்டினார்.

பெரிய டாக்டர் இங்கே வந்தே ஆறு மாதம்தான் ஆகிறது.

“எந்தப் புண்ணியவதி எழுதினதோ” என்றார்.

கடிகாரத்தில் பத்து இருபத்தொன்பது. சிஸ்டர் துணியை விலக்கிக் கத்தியை எடுத்தாள்.

“நான்தான் சார்.”

அவர் கை நீட்ட மறந்திருந்தார். இப்போது அந்தரத்தில் நின்றது அவள் கை.