கொட்டின குழம்பு

"ஹுஸ்னியா, என்ன செய்யிறாய்?"

குசினி வாசலில நான் விறைச்சுப்போய் நிண்டன். என்ர சமையல்காரி ஒரு சட்டிக் குழம்பையும் கொண்டுபோய் வாழையடியில கவிட்டுக்கொண்டு நிக்கிறாள். காலமையில இருந்து மினக்கெட்டு வச்ச குழம்பு.

அவள் நிமிர்ந்து பாத்தாள். எனக்குப் பின்னால விருந்தாளி இஃபேயும், அவவைக் கூட்டிக்கொண்டு வந்த கப்பல் கொம்பனி இராகுலனும் நிண்டினம்.

"உப்புக் கூடிப்போச்சு, ரீச்சர்."

நான் படிப்பிக்கிற காலத்திலயே கோபக்காரி. பென்சன் எடுத்து, துறைமுகத்தடியில இந்த ஆறு அறை விடுதியைத் தொடங்கின பிறகும் அது குறையேல்ல. அண்டைக்கு எனக்கு உச்சிக்கு ஏறிற்றுது.

ஏறாமல் என்ன செய்யும்? இஃபே கப்பல் இஞ்சினியர். தகப்பன் நைஜீரியா, தாய் மெக்சிக்கோ, சீவியம் கனடாவில. கோதுமை ஒரு துளி உள்ள போனாலும் மூண்டு நாள் படுக்கையாம், அப்பிடி ஒரு வருத்தம். "ஒரு நேரம் சாப்பிட்டுப் பாக்கிறன். உங்கட குசினியை நம்பலாமெண்டால் என்ர ஆக்கள் எல்லாரும் மூண்டு மாசம் இங்கதான்" எண்டு சொல்லியிருந்தா. மழை தொடங்கினால் ஈ ஓட்டுற விடுதிக்கு இது சின்ன விசயமே?

முதல் நாளே பேக்கரிப் பாணையும் கோதுமை மா பையையும் பக்கத்து வீட்டுக்குக் குடுத்தனுப்பிப்போட்டு, "என்ர குசினிக்குக் கிட்டவும் கோதுமை வராது" எண்டு நான் சத்தியம் பண்ணாத குறை.

கனடாவில இப்ப இலை உதிருற காலமாம். அந்தக் காலத்தில தங்கட வீட்டில வைக்கிற பூசினிக்காய்க் குழம்பைத்தான் இஃபே கேட்டா. தகப்பன்ர ஊர் மாதிரி விதையை அரைச்சு, இறால் கருவாடு போடவேணும். தாயின்ர ஊர் மாதிரி செத்தல் மிளகாயைச் சுட்டு அரைக்கவேணும். தொட்டுக்கொள்ளச் சோள மா ரொட்டி. ஹுஸ்னியா பூசினி விதையை ஒவ்வொண்டா உரிச்சு, கச்சான் கடலையும் சேத்து அரைச்சு, அடுப்பில ஏத்திப்போட்டுத்தான் மத்தியான லுஹர் தொழப் போனாள்.

அவள் போன நேரம் நான் எட்டிப் பாத்தன். குழம்பு தண்ணியாக் கிடந்தது. சமையல் தெரிஞ்சவள் சும்மா நிப்பாளே? ஒரு கரண்டி அரிசி மாவைத் தூவித் துழாவிவிட்டன். நல்லாத் தடிச்சு வந்தது.

அதெல்லாம் இப்ப வாழையடியில.

"உப்புக் கூடினால் ஒரு உருளைக்கிழங்கை வெட்டிப் போடத் தெரியாதே உனக்கு? இவ்வளவு காலம் என்னத்தைச் சமைச்சனி?"

இராகுலன் மெல்லமா இஃபேக்கு மொழிபெயர்த்தான். எனக்கு மானம் போச்சு.

"நாளையில இருந்து நீ வரவேண்டாம்."

"சரி ரீச்சர். ஒரு மணித்தியாலம் தாங்கோ, திருப்பி வச்சுத் தாறன்."

வைக்கிறவள் உடனே வைக்க வேண்டாமே? சட்டி, அகப்பை, அம்மி எல்லாத்தையும் ரெண்டு தரம், மூண்டு தரம் கழுவிக்கொண்டு நிண்டாள். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது.

ரெண்டு மணிக்குச் சாப்பாடு வந்தது. இஃபே முதல் வாயிலயே கண்ணை மூடினா. கோப்பையை வழிச்சுத் துடைச்சுப்போட்டு இராகுலனிட்ட என்னவோ சொல்லிச் சிரிச்சா.

"ஆறு அறையும் வேணுமாம், ரீச்சர். பிழைச்சால் ஒரு சட்டியையே கொட்டுற குசினியை நம்பலாமாம்."

சந்தோசத்தில எனக்கு மனசு இளகிப்போச்சு. போனாப் போகட்டும், அவளை மன்னிச்சு விடுவமெண்டு குசினிக்குப் போனன்.

ஹுஸ்னியா ஊருக்குப் போற கிண்ணியா பஸ்ஸுக்கு வெளிக்கிட்டு, கையில பையோட நிண்டாள். அலுமாரியில இருந்த மா டின்னில ஒரு கடதாசித் துண்டை ஒட்டிக்கொண்டிருந்தாள்.

"என்னது?"

"புட்டு மா, ரீச்சர். அரிசி மாவும் அவிச்ச கோதுமை மாவும் பாதிக்குப் பாதி. போன கிழமை நீங்கள்தானே கலந்து வச்சனீங்கள்."

நான் கரண்டி விட்டது அந்த டின்னுக்குள்ளதான். வருசக்கணக்காக் கலந்து வச்சு, வாய்க்கு அது அரிசி மாவெண்டே பழகிப்போச்சு.

"தொழுதிட்டு வந்து பாத்தன், டின்னுக்குள்ள கரண்டி கிடந்தது" எண்டாள்.

"அப்ப ஏன் உப்பெண்டு சொன்னனி?"

"அவங்க ரெண்டு பேரும் நிண்டாங்கதானே. சமையல்காரி உப்பைக் கூட்டினா ஆரும் பெரிசா எடுக்கமாட்டாங்க. வீட்டுக்காரியே கோதுமையைப் போட்டதெண்டு தெரிஞ்சா, பிறகு இங்க ஒரு வாய் தண்ணியும் குடிக்கமாட்டாங்க."

கடதாசியைப் பாத்தன். 'கோதுமை கலந்தது' எண்டு கொட்டை எழுத்தில எழுதியிருந்தாள்.

"இது எதுக்கு இப்ப?"

குசினியைப் பூட்டுற திறப்பை என்ர கையில வச்சாள்.

"நாளைக்கு வாற ஆளுக்குத் தெரியாதுதானே, ரீச்சர்."